யூதமும் கிறிஸ்தவமும் எந்த ஆண்டில் பிரிந்தன?

கொஞ்சம் நீண்ட பதிவு. நேரம் கிடைக்கும்போது ஆறுதலாக வாசியுங்கள்.

வரலாறு படிப்பிக்கிற எங்களிடம் பிள்ளைகள் அதிகம் கேட்பது ஆண்டுகளைத்தான். "கிறிஸ்தவம் யூத மதத்திலிருந்து எந்த வருஷம் சேர் பிரிந்தது?" என்று கேட்டால் வழக்கமாக நான்கு விடைகள் சொல்லப்படும். நபி ஈஸா (அலை) அவர்களின் காலம் முடிகிற கி.பி. 30 அளவில் என்பது ஒன்று. ரோமர்கள் பைத்துல் மக்திஸ் ஆலயத்தை இடித்த கி.பி. 70 என்பது இரண்டாவது. பார் கொக்பாவின் கிளர்ச்சியை ரோமர்கள் நசுக்கிய கி.பி. 135 மூன்றாவது. நிக்கேயா சங்கம் கூடிய கி.பி. 325 நான்காவது.

நான்கிற்கும் காரணம் இருக்கிறது. ஆனாலும் கடந்த முக்கால் நூற்றாண்டு ஆய்வுகளைப் படித்தால் ஒரு விஷயம் தெளிவாகிறது. இந்தக் கேள்வியை யாரிடம் கேட்கிறோம் என்பதைப் பொறுத்து விடை மாறும். ரோம அதிகாரியிடம் கேட்டால் ஓர் ஆண்டு. பிரசங்க மேடையில் நிற்பவரிடம் கேட்டால் வேறோர் ஆண்டு. அதே ஊரில் அடுத்தடுத்த வீட்டில் இருந்த சனங்களிடம் கேட்டால், "பிரிந்துவிட்டோமா?" என்று அவர்கள் நம்மையே திருப்பிக் கேட்டிருப்பார்கள்.

இது நமக்கு எதற்கு என்று சிலர் நினைக்கலாம். யஹூதி, நஸாரா என்ற இரண்டு சொற்களையும் நாம் சின்ன வயதிலிருந்தே கேட்டு வளர்கிறோம். இரண்டையும் ஆதியிலிருந்தே பூட்டி வைத்த இரண்டு பெட்டிகள் போலத்தான் மனதில் வைத்திருக்கிறோம். அந்தப் பூட்டு எப்போது, யாரால் போடப்பட்டது என்று தெரியாமல் வேதக்காரர்களைப் பற்றி நாம் பேசும் பேச்சு அரைகுறையாகவே இருக்கும்.

*

முதலில் பழைய படம். 19ஆம் நூற்றாண்டு ஜேர்மன் அறிஞர்கள் பலர், நபி ஈஸா (அலை) காலத்து யூத மதத்துக்கு "பிந்திய யூதம்" என்று பெயர் வைத்தார்கள். அந்தக் காலத்துக்குப் பிறகுதான் மிஷ்னா வந்தது, தல்மூத் வந்தது, யூத மார்க்கம் இன்று வரை இருக்கிறது. பிறகு "பிந்திய" என்றால் என்ன பொருள்? அவர்கள் பார்வையில் அது முடிந்து போன மதம். வெறும் சட்டம், சடங்கு, உயிரில்லாத ஓடு. அந்த ஓட்டை உடைத்துக்கொண்டு கிறிஸ்தவம் வெளியே வந்தது, அத்துடன் தாயின் கதை முடிந்தது. பல்கலைக்கழகங்களில் படிப்பிக்கப்பட்ட கதை இது.

இந்தக் கதையைத் தட்டிக் கேட்டவர்களில் முக்கியமான ஒருவர் நம்மைப் போல ஒரு வரலாற்று ஆசிரியர். பிரான்ஸைச் சேர்ந்த ஜூல் ஐசாக். 1877இல் பிறந்த யூதர். பிரெஞ்சுப் பாடசாலைப் பிள்ளைகள் தலைமுறை தலைமுறையாகப் படித்த "மாலே-ஐசாக்" வரலாற்றுப் பாடநூல்களின் ஆசிரியர்களில் ஒருவர். 1936இல் அந்த நாட்டின் கல்விப் பொதுப் பரிசோதகர் பதவி வரை உயர்ந்தவர். 1940இல் விஷி அரசு யூதர்களுக்கு எதிரான சட்டம் கொண்டுவந்ததும் அவரது பதவி பறிபோனது. ஐசாக் என்ற பெயருள்ள ஒருவர் பிரெஞ்சுப் பிள்ளைகளுக்குப் பிரான்ஸின் வரலாற்றைச் சொல்லிக் கொடுப்பதா என்று அந்த அரசின் கல்வி அமைச்சரே பேசினார். நபி இஸ்ஹாக் (அலை) அவர்களின் பெயர் அது.

1943 ஒக்டோபரில் அவர் வெளியே போயிருந்த வேளையில் கெஸ்டாப்போ வீட்டுக்கு வந்தது. மனைவி லோராவையும் மகள் ஜூலியெத்தையும் பிடித்துக்கொண்டு போனது. இருவரும் அவுஷ்விற்ஸ் முகாமில் கொல்லப்பட்டார்கள். கொண்டு செல்லப்படுவதற்கு முன் மனைவி அவருக்கு அனுப்பிய செய்தி, உயிரைக் காத்துக்கொண்டு எழுதிக்கொண்டிருந்த நூலை முடிக்கும்படி கேட்டது. ஒளிந்து ஒளிந்து வாழ்ந்தபடி அவர் எழுதி முடித்தார். "இயேசுவும் இஸ்ரவேலும்" என்ற அந்த நூல் 1948இல் வெளிவந்தது.

அதன் வாதங்களை ஒரு பாடநூல் ஆசிரியருக்கே உரிய விதத்தில் எண் போட்டு வரிசைப்படுத்தியிருந்தார். இயேசுவும் அவரது தாயும் முதல் சீடர்களும் யூதர்கள். அந்தக் காலத்து யூத மார்க்கம் செத்துக் கிடக்கவில்லை, உயிரோட்டத்துடன் இருந்தது. யூதர்கள் உலகெங்கும் சிதறியது இயேசுவை ஏற்காததற்கான தண்டனை என்ற பேச்சு காலக் கணக்குக்கே பொருந்தாது. ஏனென்றால் அதற்குப் பல நூற்றாண்டுகளுக்கு முன்பே பாபிலோனிலும் எகிப்தின் அலெக்சாந்திரியாவிலும் பெரிய யூதச் சமூகங்கள் இருந்தன. அலெக்சாந்திரியா யூதர்களுக்கு ஹீப்ரு மறந்துபோய், தவ்ராத்தைக் கிரேக்க மொழியில் பெயர்க்கும் வேலை கி.மு. 3ஆம் நூற்றாண்டிலேயே தொடங்கிவிட்டது.

எந்த ஆண்டில் என்ன நடந்தது என்று பார்ப்பது வரலாற்றுப் பாடத்தின் ஆரம்பப் பயிற்சி. அதைச் செய்யாததால் ஒரு பொய் ஆயிரத்து ஐந்நூறு வருஷத்துக்கு மேல் நடமாடியது.

*

இதே காலத்தில் சாக்கடல் ஓரத்தில் கும்ரான் குகைகளில் பழைய தோல் சுருள்கள் கிடைத்தன. 1947 வாக்கில் பதூவி இடையர்கள் முதல் சுருள்களைக் கண்டெடுத்தார்கள். அதன்பின் 11 குகைகளிலிருந்து ஏறக்குறைய 900 கையெழுத்துப் பிரதிகளின் துண்டுகள் சேர்ந்தன. நபி ஈஸா (அலை) காலத்துக்கு முன்னும் அந்தக் காலத்திலும் எழுதப்பட்டவை அவை. மஸீஹை எதிர்பார்த்தல், நீரில் மூழ்கித் தூய்மையடைதல், கூடி உண்ணுதல், புதிய உடன்படிக்கை என்ற பேச்சு எல்லாம் அதில் இருந்தன. கிறிஸ்தவத்துக்கு மட்டும் உரியவை என்று எண்ணப்பட்ட பல விஷயங்கள் யூதர்களுக்குள்ளேயே ஏற்கெனவே புழங்கியிருந்தன. அந்தக் காலத்தில் யூத மார்க்கம் ஒரே அச்சில் வார்த்த ஒன்றாக இருக்கவில்லை. பரிசேயர், சதுசேயர், எஸ்ஸீனர், யஹ்யா நபியைப் பின்பற்றியோர், ஈஸா நபியைப் பின்பற்றியோர் என்று பல குழுக்கள் ஒரே மண்ணில் வாதாடிக்கொண்டிருந்தன.

1977இல் ஈ.பி. சாண்டர்ஸ் என்ற கிறிஸ்தவ அறிஞர் "பவுலும் பலஸ்தீன யூதமும்" என்ற நூலை வெளியிட்டார். யூதர்கள் சட்டத்தைக் கடைப்பிடித்து, புள்ளிகள் சேர்த்து, இறைவனிடம் கூலி வாங்கப் பார்த்தார்கள் என்ற பழைய குற்றச்சாட்டை யூத மூலநூல்களை வைத்தே அவர் மறுத்தார். இறைவன் முதலில் கருணையால் தெரிந்தெடுத்தான், அதற்கு நன்றியாகவே நாங்கள் சட்டத்தைப் பேணுகிறோம் என்பதே அவர்கள் நிலைப்பாடு என்று காட்டினார். அமலையும் ரஹ்மத்தையும் சேர்த்தே படித்த நமக்கு இது எளிதாகப் புரியும். ஷரீஆவைப் பேணுபவன் உயிரற்ற சடங்குக்காரன் என்ற குத்தல் நமக்கும் பழக்கமானதுதான்.

1986இல் ஆலன் சீகல் என்ற யூத அறிஞர் இன்னொரு அடி முன்வைத்தார். தாய், மகள் என்ற உவமையே தவறு, இவை ஒரு வயிற்றில் பிறந்த இரட்டையர் என்றார். நூலின் பெயர் "ரெபெக்காவின் பிள்ளைகள்". நபி இஸ்ஹாக் (அலை) அவர்களின் மனைவியைத்தான் சொல்கிறார். ஆலயம் இடிந்த பிறகு, அதே பழைய மார்க்கத்திலிருந்து இரண்டு பதில்கள் பிறந்தன. ஒன்று ரப்பிகளின் யூதம், மற்றது கிறிஸ்தவம். இரண்டும் ஒன்றையொன்று பார்த்துப் பார்த்தே வளர்ந்தன.

*

நூல்களை விடுங்கள், மண் என்ன சொல்கிறது?

சிரியாவில் யூப்ரடீஸ் நதிக்கரையில் துரா-யூரோப்பஸ் என்ற ரோமக் காவல் நகரம் இருந்தது. ஏறக்குறைய கி.பி. 256இல் சாசானியப் பாரசீகர்கள் அதை முற்றுகையிட்டபோது, ரோமர்கள் மேற்கு மதிலைப் பலப்படுத்துவதற்காக அதன் ஓரமாக இருந்த கட்டடங்களை மண் போட்டு நிரப்பினார்கள். நகரம் விழுந்தது, மண் மூடியவை அப்படியே தங்கின. 1930களின் ஆரம்பத்தில் தோண்டியபோது அதே மதிலோரத் தெருவில் ஒரு யூத ஜெப ஆலயமும், வீடொன்றை மாற்றியமைத்த ஒரு கிறிஸ்தவ வழிபாட்டிடமும் வெளிவந்தன. இரண்டின் சுவர்களிலும் ஓவியங்கள். ஜெப ஆலயச் சுவரில் ஷாமுவேல் நபி தாவூத் நபிக்கு எண்ணெய் பூசுகிறார். கிறிஸ்தவ வீட்டுச் சுவரில் தாவூத் நபி ஜாலூத்தை வெல்கிறார். ஒரே தெருவில் இருந்த இரு சாராரும் ஒரே தாவூதைத் தங்கள் தங்கள் சுவரில் வரைந்து வைத்திருந்தார்கள்.

அவர்கள் ஒருவர் வீட்டுக்கு ஒருவர் போனார்களா என்று சுவர் சொல்லாது. அதைச் சொல்ல இன்னொரு ஊர் இருக்கிறது.

*

அந்தியோக்கியா. கி.பி. 386, 387. யோவான் கிறிசோஸ்தம் என்ற புகழ்பெற்ற பேச்சாளர் அங்கே மதகுருவாக இருந்தார். யூதர்களைத் தாக்கி எட்டுப் பிரசங்கங்கள் செய்தார். பிற்காலத்தில் அந்தப் பிரசங்கங்கள் யூத வெறுப்புக்குத் தீனியாகப் பயன்பட்டன. வாசிக்கவே கூசும் சொற்கள் அவற்றில் உண்டு.

ஆனால் வரலாற்று மாணவன் அதை வேறு விதமாகவும் வாசிக்க வேண்டும். அவர் யாரைத் திட்டுகிறார் என்று பாருங்கள். மேடைக்கு முன்னே இருந்தவர்கள் கிறிஸ்தவர்கள். அவர்கள் யூதர்களின் நோன்பு நாளில் நோன்பிருந்தார்கள். எக்காளப் பண்டிகையைப் பார்க்கப் போனார்கள். நோய் வந்தால் யூதர்களிடம் தாயத்துக் கட்டினார்கள். ஒரு கிறிஸ்தவர் தன் மதத்துப் பெண் ஒருவரைச் சத்தியம் வாங்குவதற்காக ஜெப ஆலயத்துக்கு இழுத்துப் போனதை அவரே சொல்கிறார். ஏன் அங்கே என்று கேட்டால், அங்கே செய்யும் சத்தியத்துக்குத்தான் பயம் அதிகம் என்றார்களாம். நிக்கேயா சங்கம் முடிந்து அறுபது ஆண்டுகள் கடந்திருந்தன.

ஒருவர் எட்டுத் தடவை தொண்டை கிழியக் கத்துகிறார் என்றால், கேட்டவர்கள் போவதை நிறுத்தவில்லை என்றே பொருள். தடை எவ்வளவு கடுமையோ, பழக்கம் அவ்வளவு பரவலாக இருந்திருக்கும். அதே நூற்றாண்டில் கூடிய லவோதிக்கேயா சங்கத்தின் விதிகளும் இப்படித்தான். சனிக்கிழமை வேலை செய்யாமல் ஓய்ந்திருக்காதே, யூதர் அனுப்பும் பண்டிகைப் பொருளை வாங்காதே, அவர்களது புளிப்பில்லா அப்பத்தை ஏற்காதே என்கின்றன. அப்பம் வீடு தேடி வந்துகொண்டிருந்ததால்தானே விதி தேவைப்பட்டது? பெருநாளைக்கு வட்டிலப்பம் பக்கத்து வீட்டுக்குப் போகிற ஊர்களில் வாழ்கிற நமக்கு இதற்கு விளக்கவுரை வேண்டியதில்லை.

எல்லைக் கோடு ஒரு பக்கத்திலிருந்து மட்டும் போடப்படவும் இல்லை. ரப்பிகளின் தொகுப்பான தோசெஃப்தாவில் ஒரு சம்பவம் வருகிறது. பென் தாமா என்பவரைப் பாம்பு தீண்டியது. யாக்கோப் என்ற ஒருவர் ஈஸாவின் பெயரால் குணப்படுத்த வந்தார். ரப்பி இஸ்மவேல் அதற்கு அனுமதிக்கவில்லை. வாதம் முடிவதற்குள் பென் தாமா இறந்துபோனார். அறிஞர்கள் போட்ட வேலியை உடைக்காமல் போனீரே என்று ரப்பி அவரைப் பாராட்டினார். அந்தியோக்கியாவில் கிறிசோஸ்தமும் காய்ச்சல்காரர்களிடம் இதையேதான் கேட்டார். யூதரிடம் மருந்து தேடுவதை விட நோயைத் தாங்கிக்கொள் என்றார். இரண்டு மேடை, ஒரே பேச்சு. நடுவில் நோயாளி.

தானியேல் போயாரின் என்ற தல்மூத் அறிஞர் 2004இல் எழுதிய "எல்லைக் கோடுகள்" என்ற நூலின் மையம் இதுதான். இரு தரப்பு அறிஞர்களும் சேர்ந்தே எல்லையை உண்டாக்கினார்கள், இயல்பாக இருந்த எல்லையை அவர்கள் காவல் காக்கவில்லை என்கிறார் அவர்.

*

மறுபக்கத்தையும் சொல்ல வேண்டும். எல்லா ஆய்வாளர்களும் இதை ஏற்பதில்லை. சீக்கிரமே பிரிந்துவிட்டன என்பவர்களுக்கும் நல்ல சான்றுகள் உண்டு. ஏறக்குறைய கி.பி. 112இல் இன்றைய துருக்கியின் வடபகுதிக்கு ஆளுநராக இருந்த பிளினி, கிறிஸ்தவர்களை என்ன செய்வது என்று பேரரசர் திராஜனுக்குக் கடிதம் எழுதினார். அதில் யூதர் என்ற சொல்லே இல்லை. அவர் கண்ணுக்கு அது தனிக் கூட்டம்.

வரியும் ஒரு காரணம். ஆலயத்தை இடித்த ரோமர்கள், அதுவரை ஆலயத்துக்குப் போன இரண்டு திராக்மா காணிக்கையைத் தங்கள் கஜானாவுக்கான யூத வரியாக மாற்றினார்கள். தொமீஷியன் காலத்தில் யூதனா இல்லையா என்று பார்க்க 90 வயது முதியவரின் ஆடையைச் சபையில் களைந்து கத்னா சோதித்ததை, இளைஞனாக நேரில் கண்டதாக சுவெத்தோனியஸ் எழுதியிருக்கிறார். 96இல் நெர்வா அந்த வரியின் பெயரால் நடந்த பொய்க் குற்றச்சாட்டுகளை நிறுத்தி, அதற்காக நாணயமே வெளியிட்டார். யார் யூதர் என்பதை அரசு தீர்மானிக்கத் தொடங்கிய இடம் அது.

ஆகவே அதிகாரியின் பதிவேட்டில் பிரிவு 112க்கு முன்பே நடந்துவிட்டது. தெருவில் 387இலும் நடந்து முடியவில்லை. இரண்டும் உண்மை.

கோடு ஆபத்தாக மாறியது அரசு தன் கையில் எடுத்த பிறகுதான். 388இல் யூதர், கிறிஸ்தவர் திருமணத்தை விபசாரத்துக்குச் சமமாக்கும் சட்டம் வந்தது. அந்தக் காலத்திலேயே கல்லினிக்கம் என்ற ஊரில், அதாவது இன்றைய ரக்காவில், பிஷப்பின் தூண்டுதலால் ஒரு கூட்டம் ஜெப ஆலயத்தை எரித்தது. திருப்பிக் கட்டிக் கொடுக்கும்படி பேரரசர் தியோடோசியஸ் முதலில் உத்தரவிட்டார். மிலான் பிஷப் அம்புரோஸ் எதிர்த்து நிற்க, உத்தரவை வாபஸ் வாங்கினார். வேதக் கருத்து வேறுபாடு நூற்றாண்டுகளாக இருந்தது. எரித்தவனுக்குத் தண்டனை இல்லை என்று ஆன நாளில்தான் பக்கத்து வீட்டுக்காரன் பயப்படத் தொடங்கினான். நம் நாட்டில் எரிந்த கடைகளையும் பள்ளிவாசல்களையும் பார்த்தவர்கள் நாம். கூடுதலாக விளக்கத் தேவையில்லை.

*

இனி நமக்குள் பேச வேண்டிய இரண்டு விஷயங்கள்.

ஒன்று, எபியோனியர். தவ்ராத்தின் சட்டத்தையும் பேணி, ஈஸா நபியையும் மஸீஹாக ஏற்று, அவரை மனிதர் என்றே நம்பிய குழு. ஏறக்குறைய கி.பி. 180இல் இரேனியஸ் அவர்களைக் குறிப்பிடுகிறார். "பார்த்தீர்களா, இவர்கள்தான் அசல் முஸ்லிம்கள்" என்று நம்மவர்கள் அடிக்கடி பதிவு போடுகிறார்கள். நிதானம் வேண்டும். அவர்களைப் பற்றி நமக்குத் தெரிந்தவை பெரும்பாலும் அவர்களை எதிர்த்தவர்கள் எழுதியவை. எதிரியின் எழுத்தை மட்டும் வைத்து ஒரு கூட்டத்தைத் தீர்மானிப்பது நமக்கு நடந்தால் நாம் ஒப்புக்கொள்வோமா? அவர்களும் ஒரு காலத்தின் மனிதர்கள். விவாதத்துக்கான ஆயுதமாக்க வேண்டாம்.

இரண்டு, பலஸ்தீன். அங்கு நடப்பதைப் பார்த்து நம் எல்லோருடைய நெஞ்சும் எரிகிறது. அந்த எரிச்சலில் சிலர், "ஈஸா நபியைக் கொன்றவர்கள், அதனால்தான் அல்லாஹ் சிதறடித்தான்" என்று ஐரோப்பிய நடுக்காலத்துப் படங்களோடு பகிர்கிறார்கள். நம் ஈமானின்படி ஈஸா நபி கொல்லப்படவே இல்லை. நடக்காத கொலைக்கான பழியை, அதுவும் பரம்பரை பரம்பரையாக, ஒரு முழுச் சமூகத்தின் மீது நாம் எப்படிச் சுமத்த முடியும்? அது குர்ஆனிலிருந்து வந்த பேச்சும் இல்லை. ஐசாக்கின் மனைவியையும் மகளையும் கொண்டுபோன வெறுப்புக்கு நூற்றாண்டுகளாக எண்ணெய் ஊற்றிய பேச்சு அது. மேலே சொன்ன போயாரின் மார்க்கப் பற்றுள்ள யூதர். இஸ்ரேல் அரசைக் கடுமையாக விமர்சிப்பவரும் அவர்தான். ஆல இம்ரான் சூரா 113ஆம் வசனம் வேதக்காரர் எல்லோரையும் ஒரே தட்டில் வைக்கவில்லை. அல் மாயிதா 8ஆம் வசனம், ஒரு கூட்டத்தின் மீதுள்ள வெறுப்பு நீதியிலிருந்து நம்மை விலக்கிவிடக் கூடாது என்கிறது. பலஸ்தீனருக்கான நீதிக்கு நேரான வாதங்கள் ஏராளம். கடன் வாங்கிய பொய் அவற்றைப் பலவீனப்படுத்தும்.

*

ஐசாக்கின் கதையை முடித்துவிடுவோம். 1960 ஜூன் 13 அன்று, 82 வயதில், அவர் பாப்பரசர் 23ஆம் அருளப்பரைச் சந்தித்தார். கையில் ஒரு கோப்பு. இயேசுவின் மரணத்துக்குப் பாவிகளான எல்லா மனிதரும் பொறுப்பு என்று 16ஆம் நூற்றாண்டு திரெந்து சங்கத்தின் மறைக்கல்வி நூலிலேயே இருப்பதை எடுத்துக் காட்டினார். எதிர்த் தரப்பின் சொந்த நூலைக் கொண்டே வாதாடினார். நம்பிக்கையோடு திரும்பலாமா என்று கேட்டதற்கு, நம்பிக்கைக்கும் மேலான ஒன்றுக்கு உமக்கு உரிமை உண்டு என்ற கருத்தில் பாப்பரசர் பதில் சொன்னாராம்.

1963இல் ஐசாக் காலமானார். 1965 ஒக்டோபர் 28 அன்று இரண்டாம் வத்திக்கான் சங்கம் "நொஸ்த்ரா ஏத்தாத்தே" அறிக்கையை வெளியிட்டது. ஆதரவு 2,221, எதிர்ப்பு 88. இயேசுவின் மரணப் பழியை அன்றிருந்த எல்லா யூதர் மீதும், இன்றுள்ள யூதர் மீதும் போட முடியாது என்று திருச்சபை அறிவித்தது. யூதர்களைப் பற்றி மட்டும் பேசத் தொடங்கிய அந்த வரைவு, அரபு நாட்டு பிஷப்மார் உள்ளிட்டோரின் கவலைகளால் விரிந்தது. இறுதி அறிக்கையில் முஸ்லிம்களை மதிப்புடன் நோக்குவதாக ஒரு பகுதியே இருக்கிறது. இந்துக்களும் பௌத்தர்களும் கூட அதில் உண்டு.

ஒரு பாடநூல் ஆசிரியர் ஆண்டுகளைச் சரிபார்க்கத் தொடங்கியதில் பிறந்த வேலை, கடைசியில் நம் நாட்டின் நான்கு சமயத்தவரையும் தொட்டிருக்கிறது.

ஆகவே ஆசிரிய நண்பர்களே, பிள்ளைகள் அந்தக் கேள்வியைக் கேட்டால் ஓர் ஆண்டைச் சொல்லி இருத்திவிடாதீர்கள். 70, 112, 135, 325, 387, 388 என்று பலகையில் வரிசையாக எழுதுங்கள். ஒவ்வொன்றுக்கும் நேரே, "இதைச் சொல்வது யார்?" என்று எழுத வையுங்கள். ஒரு பாடவேளை போதும்.

பின்னூட்டத்தில் மாற்றுக் கருத்துகளைத் தாராளமாக எழுதுங்கள். எந்தச் சமயத்தவரையும் ஏசும் கொமன்ட்டுகளை மட்டும் நீக்கிவிடுவோம்.

வஸ்ஸலாம்.